மூல ஓலையும் மௌனப் படமும்

திருவெண்ணெய்நல்லூர் என்றதும் தமிழன்பர்களுக்கு ஓர் ஓலை வழக்கு நினைவுக்கு வரும். புத்தூர் மணப்பந்தரில் முதியவர் காட்டிய அடிமை ஓலையைச் சுந்தரர் கிழித்தெறிந்தார். கிழிந்தது படியோலையே, மூல ஓலை திருவெண்ணெய்நல்லூர் அவையில் காட்டப்பெற, வழக்கு முதியவர் பக்கம் தீர்ந்தது என்கிறது பெரியபுராணம். மூலம் பிழைத்தால் உண்மை பிழைக்கும். தென்னாட்டுத் திரைப்பட வரலாற்றிலும் இவ்வாறு வழக்கில் சிக்கிய மூலம் ஒன்று உண்டு.

சி. வி. இராமன்பிள்ளையின் ‘மார்த்தாண்டவர்மா’ 1891இல் வெளிவந்த மலையாள நாவல். பகைவருக்குத் தப்பி மறைந்து திரியும் இளவரசன், இன்னல்களில் முதிர்ந்து அரியணைக்கு உரியவனாகும் கதை அது. வரலாற்றில் அம்மன்னர் 1729 முதல் 1758 வரை திருவிதாங்கூரை ஆண்டார். வெட்டுண்டு கிடந்த அனந்தபத்மநாபனை மருத்துவம் செய்து காக்கும் பட்டாணியர் ஹக்கீமையும், அவனிடம் மனம் வைத்த சுலைகாவையும் ஆசிரியர் கண்ணியத்தோடு படைத்திருப்பது நம் நெஞ்சைத் தொடுகிறது.

அன்று திருவிதாங்கூரில் இருந்து, 1956இல் தமிழகத்தோடு இணைந்த நாகர்கோவிலைச் சேர்ந்தவர் ஆர். சுந்தரராஜ். அவர் இந்நாவலை மௌனப் படமாகத் தயாரித்தார், இயக்கியவர் பி. வி. ராவ். 1933இல் திருவனந்தபுரம் கேப்பிடல் அரங்கில் படம் வெளியாயிற்று. ஆனால், நாவலின் பதிப்புரிமை கமலாலயா புத்தக நிலையத்தாரிடம் இருந்தது. அவர்தம் இசைவு பெறப்படவில்லை. வழக்கு எழுந்தது, படம் நிறுத்தப்பட்டு, படச்சுருள் பதிப்பகத்தாரின் கைக்குச் சென்றது. எழுத்தின் உரிமையைக் காக்க அவர்கள் வழக்காடியது முறையே. எனினும், பொருளையும் உழைப்பையும் கொட்டியவருக்கு அது பேரிடி.

இங்கேதான் விந்தை. சுந்தரராஜின் உறவினரான ஜே. சி. டேனியல் எடுத்த ‘விகதகுமாரன்’ இன்றில்லை. சென்னையில் நடராஜ முதலியார் எடுத்த ‘கீசகவதம்’ இன்றில்லை. எளிதில் தீப்பற்றும் அக்காலச் சுருள்கள் எரிந்தும் மட்கியும் போயின; வெள்ளிக்காக உருக்கப்பட்டவையும் உண்டு. மக்களிடம் ஓடிய படங்கள் மறைய, தடுத்து வைக்கப்பட்ட ‘மார்த்தாண்டவர்மா’ எஞ்சியது! 1974இல் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் அதனைப் பெற்றுப் பாதுகாத்தது.

காக்க வேண்டும் என்று எண்ணி எவரும் அதனைக் காக்கவில்லை, வழக்கு காத்தது. ஒரு சமுதாயத்தின் நினைவு இத்தகைய தற்செயலை நம்பியிருத்தல் தகுமா? நம் இல்லத்துப் பரண்களில் கிடக்கும் ஏடுகளையும், பழம் பதிப்புகளையும், புகைப்படங்களையும் இன்றே எடுத்துப் பேணுவோம். அவற்றுக்காக வழக்காட எவரும் வரப்போவதில்லை.