மன்றோவின் பள்ளிக் கணக்கு

திருவாலங்காட்டுச் செப்பேடுகளைப் பற்றிக் கேள்விப்படாத வரலாற்று மாணவர் அரியர். முதலாம் இராசேந்திர சோழன் பழையனூரைத் திருவாலங்காட்டுக் கோயிலுக்கு அளித்த செய்தியைக் கூறும் அவ்வேடுகள் 1905-ஆம் ஆண்டில் கிடைத்தன. அரசியல் வரலாறு எழுதுவோர் அவற்றில் சோழர் குல வரிசையைத் தேடுகின்றனர். ஊராட்சியை ஆராய்வோர் நிலக்கொடையின் முறையைத் தேடுகின்றனர். ஏடு ஒன்றே, வினா வேறு. ஆகவே விடையும் வேறாகின்றது. எதைக் கேட்கின்றோம், ஏன் கேட்கின்றோம், கிடைக்கும் விடை எதற்குச் சான்றாகும் என்னும் மூன்றையும் முன்னதாகத் தெளிவு செய்துகொள்வதே ஆராய்ச்சியின் கோட்பாட்டு அடிப்படை. கல்வி ஆராய்ச்சியில் அதற்குரிய இடத்தை, நம் மாகாணத்தில் நிகழ்ந்த ஒரு விசாரணையைக் கொண்டு ஆராய்வோம்.

சென்னையின் கவர்னராக இருந்த சர் தாமஸ் மன்றோ, 1822-ஆம் ஆண்டு ஜூன் 25-ஆம் நாள் ஒரு குறிப்பு எழுதினார். நாட்டு மக்களின் கல்வி நிலையைப் பற்றிப் பலரும் பலவாறு பேசுகின்றனர். ஆயினும் உறுதியான செய்தி எவரிடமும் இல்லை என்பது அவர் கருத்து. ஆகவே ஒவ்வொரு ஜில்லாக் கலெக்டரும் பள்ளிகளையும் அவற்றில் பயில்வோரையும் கணக்கிட்டு அனுப்புமாறு பணித்தார். அனுப்பப்பெற்ற படிவத்தில் பள்ளிகளின் தொகை, பயில்வோரின் சாதிப் பிரிவு, ஆண் பெண் தொகை, மொத்த மக்கள் தொகை ஆகியவற்றுக்கு இடம் இருந்தது.

விடைகள் வந்து சேரச் சில ஆண்டுகள் ஆயின. 1826-ஆம் ஆண்டு மார்ச்சு 10-ஆம் நாள் மன்றோ அவற்றைத் தொகுத்து எழுதினார். மக்கள் தொகை 1,28,50,941, பள்ளிகள் 12,498, பயில்வோர் 1,88,650. இவர்களுள் ஆண்கள் 1,84,110; பெண்கள் 4,540 மட்டுமே.

இவ்வெண்கள் நாட்டின் கல்வி நிலையைத் தாமே கூறிவிடுமா? கூறா. மன்றோ இதனை நன்கு உணர்ந்திருந்தார். சிறுவர் பொதுவாக ஐந்து வயது முதல் பத்து வயது வரை பள்ளியில் இருப்பர் என்று அவர் கொண்டார். ஆண்களில் ஒன்பதில் ஒரு பங்கினர் அவ்வயதினர் எனக் கணக்கிட்டார். அவ்வாறு கிடைத்த தொகை ஏறத்தாழ 7,13,000. பள்ளியில் இருந்தோர் அதில் நாலில் ஒரு பங்குக்குச் சற்று மிகுதி. பின்னர், சென்னை நகரில் வீட்டிலேயே பயின்றோர் 26,963 பேர் என்றும், இது நகரப் பள்ளிகளில் பயின்றோரைப்போல் ஏறத்தாழ ஐந்து மடங்கு என்றும் வந்த செய்தியை எண்ணிப் பார்த்தார். அத்தொகையில் பிழை இருக்கலாம் என அவர் ஐயுற்றார். எனினும் வீட்டுக் கல்வியையும் சேர்த்தால் கல்வி பெறும் ஆண்கள் மூன்றில் ஒரு பங்கை நெருங்குவர் என்று முடிவு செய்தார்.

மாணவர்களே, இங்கே சற்று நின்று சிந்தியுங்கள். பள்ளி வயதை ஐந்து முதல் பதினைந்து வரை என்று கொண்டிருந்தால், அந்தக் கால் பங்கு ஏறத்தாழ அரைக்கால் பங்காகச் சுருங்கியிருக்கும். மற்றொன்றையும் கருதுங்கள். ஓர் ஊரில் எல்லாச் சிறுவரும் ஐந்தாண்டில் இரண்டாண்டு மட்டுமே பள்ளிக்குச் செல்வதாக வைத்துக்கொள்வோம். ஏதேனும் ஒரு நாளில் எண்ணினால் ஐந்தில் இரு பங்கினரே பள்ளியில் இருப்பர். ஆனால் கல்வி பெறாதவர் ஒருவரும் அங்கு இல்லை! எண்ணிக்கையில் பிழையில்லை, எண்ணிக்கைக்கு நாம் கொள்ளும் பொருளே மாறுகின்றது.

கன்னட ஜில்லாவின் கலெக்டர் படிவத்தை நிரப்பி அனுப்பவே இல்லை. அங்கே கல்வி பெரிதும் வீடுகளில் நடைபெறுவதால் படிவம் உண்மை நிலையைக் காட்டாது என்று எழுதிவிட்டார். 'பள்ளி' என்பது யாது என்னும் வினாவே அவர் எழுப்பியது. அதற்கு விடை காணாமல் பள்ளிகளை எண்ணுதல் இயலுமோ?

பெல்லாரிக் கலெக்டர் காம்பெல் 1823-இல் விரிவான அறிக்கை ஒன்றை விடுத்தார். மூத்த மாணாக்கர் இளையோருக்குக் கற்பிக்கும் திண்ணைப்பள்ளி முறையையும் அதன் சிக்கனத்தையும் அவர் பாராட்டினார். ஆனால் பொருள் உணராமல் நெட்டுருச் செய்வதைக் குறை கூறினார். சிக்கனம் என்னும் அளவுகோலால் உயர்ந்த அதே பள்ளி, பொருளுணர்ச்சி என்னும் அளவுகோலால் தாழ்ந்தது. மேலும், மக்களின் வறுமை பெருகியதால் பள்ளிகள் குன்றின என்றார் அவர். மன்றோவோ, போர்களால் மக்கள் இடம்பெயர்ந்தபோது பள்ளிகள் ஓரிடத்தில் குறைந்து வேறிடத்தில் கூடினவேயன்றி, நெடுங்காலமாகப் பெரிய மாறுதல் இல்லை என்று கருதினார்.

இக்கருத்து வேறுபாடு அவர்களோடு முடியவில்லை. 1931-இல் காந்தியடிகள் இலண்டனில் பேசுகையில், ஐம்பது அல்லது நூறு ஆண்டுகளுக்கு முன் இருந்ததைவிட இந்தியாவில் எழுத்தறிவு குறைந்துவிட்டது என்றார். சர் பிலிப் ஹார்ட்டாக் அதற்குச் சான்று வேண்டினார். தம் மறுப்பை 1939-இல் நூலாகவும் வெளியிட்டார். 1983-இல் தரம்பால், மன்றோவின் விசாரணை ஆவணங்களைத் திரட்டி அச்சிட்டு, காந்தியடிகளின் கூற்றுக்கு ஆதரவாக நிறுத்தினார். ஒரு நாட்டின் மானமே இவ்வெண்களின் மேல் வழக்காக நின்றது.

ஆனால் மன்றோவின் கணக்கு ஒரு காலத்திய நிலையை மட்டும் காட்டுவது. ஆற்றில் வெள்ளம் ஏறுகின்றதா, வடிகின்றதா என்பதை ஒருமுறை அளந்து சொல்ல முடியாது; வேறொரு நாளும் அதே கோலால் அளத்தல் வேண்டும். அக்கணக்கு, திண்ணைப்பள்ளிகள் நாடெங்கும் இருந்தன என்பதற்கு வலிய சான்று. பெண் கல்வி மிகக் குறைந்திருந்தது என்பதற்கும் சான்று. வளர்ச்சி தளர்ச்சிகளை அது ஒன்றே நிறுவாது. சான்றின் வலிமையை மட்டுமன்றி அதன் எல்லையையும் காட்டுவது கோட்பாடே.

இன்று கல்வியியல் பயில்வோர் பலர் வினாப்பட்டியல் ஒன்றைக் கையில் ஏந்திப் பள்ளிதோறும் செல்கின்றனர். 1960-இல் சென்னை மாநிலத்தோடு இணைந்த திருத்தணிப் பகுதிக்கு அவர்கள் வந்தால், வீட்டில் தெலுங்கும் பள்ளியில் தமிழும் பேசும் பிள்ளைகளைக் காண்பர். அவர்களைத் தமிழ் மாணவர் என்று குறிப்பதா, தெலுங்கு மாணவர் என்று குறிப்பதா? வாசிப்பில் பின்தங்கியோரை அறிவதே நோக்கமாயின் வீட்டு மொழியைக் கேட்க வேண்டும். எத்தனை பாடநூல் அச்சிடுவது என்பதே நோக்கமாயின் பள்ளி மொழி போதும். நோக்கத்தைத் துணியாமல் திரட்டிய பட்டியல் இரண்டுக்கும் பயன்படாது. ஆகவே பட்டியலை எடுக்குமுன், அதிலுள்ள ஒவ்வொரு வினாவுக்கும் அருகில், 'இதனை ஏன் கேட்கிறேன்?' என்பதற்கு ஒரு வரி எழுதிப் பாருங்கள். எழுத இயலாத வினாவை நீக்கிவிடுங்கள்.