ஊமைப்படக் காலத்து ராஜா சாண்டோ

தமிழ்ச் சினிமாவின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் பாகவதரிலிருந்தும் சின்னப்பாவிலிருந்தும் தொடங்குவர். அவர்களுக்கு முன்னே வந்து வழிசமைத்த ஒருவரை இன்றைய இளைஞர் அறியார். அவர் பெயர் ராஜா சாண்டோ. அவருடைய கலை வாழ்க்கையை நாம் இம்மலரில் நினைவுகூர்வதற்குத் தக்க காரணம் உண்டு.

புதுக்கோட்டையிற் பிறந்த அவருடைய இயற்பெயர் பி. கே. நாகலிங்கம். நம்முட் பலருடைய பாட்டனாரும் பூட்டனாரும் புறப்பட்டு வந்த சீமைகளுள் புதுக்கோட்டையும் ஒன்றல்லவா? நம் முன்னோர் இம்மலைகளை நோக்கி வந்தனர். நாகலிங்கம் பம்பாய் நோக்கிச் சென்றார். தேகப்பயிற்சியில் தேர்ந்து, கட்டுமஸ்தான உடல் பெற்றிருந்தார் அவர். அக்காலத்தில் உலகமெங்கும் புகழ் பெற்றிருந்த பலவான் யூஜின் சாண்டோவின் பெயரே அவருக்கும் வழங்கலாயிற்று.

1922ஆம் ஆண்டளவில் எஸ். என். பதங்கர் பம்பாயில் எடுத்த படங்களில் அவர் நடிக்கத் தொடங்கினார். அவை பேசாப்படங்கள். ஊமைப்படம் என்றும் சொல்வர். திரையில் காட்சிக்குக் காட்சி எழுத்து அட்டை தோன்றும். வாசிக்கத் தெரியாதவர்க்குக் கொட்டகையிலேயே ஒருவர் நின்று கதையை உரத்துச் சொல்வார். நடிகனுக்கோ கண்ணும் கையும் உடலுமே மொழி. ஆகையால் தமிழ்நாட்டு இளைஞன் ஒருவன் வடநாட்டில் நாயகனாவதற்குப் பாஷை தடையாகவில்லை. 1926இல் சுலோசனாவுடன் ‘டெலிபோன் கேர்ள்’, 1927இல் கோஹருடன் ‘குணசுந்தரி’ என அவர் பெயர் ஓங்கியது. பலவான் வேடத்தோடு நின்றுவிடாது, குடும்பக் கதைகளிலும் நடித்தார்.

நடிப்போடு அவர் திருப்தியடையவில்லை. படமெடுக்கும் தொழிலையும் பம்பாயிலேயே கற்றார். பின்னர் சென்னைக்குத் திரும்பி, ஆர். பத்மநாபனின் கம்பெனியில் ‘பேயும் பெண்ணும்’ (1930), ‘அனாதைப் பெண்’ (1931) முதலிய பேசாப்படங்களை இயக்கினார். பின்னது வை. மு. கோதைநாயகி அம்மாளின் நாவல். புராணக் கதைகளே மலிந்திருந்த நாளில் இது புதுமையானது.

அதற்குள் காலம் மாறிவிட்டது. 1931 மார்ச்சில் பம்பாயில் ‘ஆலம் ஆரா’வும், அதே ஆண்டு அக்டோபர் 31இல் சென்னையில் ‘காளிதா’ஸும் வெளிவந்தன. திரை பேசிற்று, பாடவும் செய்தது. இனிப் பாடத் தெரிந்தவர்க்கே மவுசு. நாடக மேடைப் பாடகர்கள் ஸ்டூடியோக்களில் நிறைந்தனர். உடலையே மொழியாகக் கொண்ட நடிகர் பலருக்கு அது சோதனைக் காலம்.

ராஜா சாண்டோ அச்சோதனையைக் கடந்தார். 1934இல் ‘இந்திரா எம்.ஏ.’ என்ற ஹிந்திப் பேசும்படத்தில் நடித்தார். 1935இல் டி.கே.எஸ். சகோதரர்களின் ‘மேனகா’வை இயக்கினார். தமிழில் சமூகக் கதையைப் பேசவைத்த முதற் படங்களுள் அது ஒன்று, என். எஸ். கிருஷ்ணனை ரசிகர்கள் முதலிற் கண்டதும் அதிலேதான். 1936இல் ‘சந்திரகாந்தா’ மூலம் தம் ஊராரான பி. யு. சின்னப்பாவைத் திரைக்குக் கொணர்ந்தார். 1939இல் குயவர் குலத்து நாயனாரின் சரிதமான ‘திருநீலகண்ட’ரைப் பாகவதரை வைத்து எடுத்தார். ‘சிவகவி’யையும் (1943) தொடங்கியவர் அவரே, முடித்தவர் ஸ்ரீராமுலு நாயுடு. முன்கூட்டியே மற்றொரு வேலையும் கற்றுவைத்திருந்தமையால் அவர் காலவெள்ளத்தில் அடித்துச் செல்லப்படவில்லை. இளைஞர்கள் மனத்திற் கொள்ளவேண்டிய பாடம் இது.

இனி வருந்தவேண்டிய செய்தி ஒன்று. தென்னாட்டுப் பேசாப்படங்களில் ‘மார்த்தாண்ட வர்மா’ (1933) போன்ற மிகச் சிலவே எஞ்சியுள்ளன. பெரும்பாலான படச்சுருள்களைப் பேணுவாரில்லை, அழிந்தன. தமிழக அரசு ராஜா சாண்டோ பெயரால் ஒரு விருதை ஏற்படுத்தியது. எனினும், அவர் சென்னையில் எடுத்த ஊமைப்படங்களை நாம் இன்று எங்கே சென்று பார்ப்பது?

பிறரைக் குறை சொல்லுமுன் நம் கொட்டகலையைச் சற்றுப் பார்ப்போம். மாசி மாதத்தில் காமன் பொட்டலில் ரதியாகவும் மதனாகவும் ஆடியவர் எத்தனை பேர்! அருச்சுனன் தபசில் கம்பமேறியவர், பொன்னர் சங்கரில் உடுக்கடித்தவர், அவர்களைப் பழக்கிய கூத்து வாத்தியார்மார் — இவர்கள் பகலெல்லாம் மலையில் உழைத்து, இரவிலே தெய்வங்களாய் நின்றவர்கள். அவர்களுடைய பெயர்களை நாம் எழுதி வைத்தோமா? அவர்களின் ஆட்டம் எந்தப் படச்சுருளிலும் ஏறவில்லை. லயங்களில் இன்றும் வாழும் முதியோரின் நினைவு ஒன்றே அதற்குரிய பெட்டகம்.

ஆகவே, இளைஞர்களே, அடுத்த மலருக்கு முன் ஒவ்வொருவரும் ஒரு குறிப்புப் புத்தகத்துடன் உங்கள் தோட்டத்துப் பெரியவர் ஒருவரிடம் சென்று அமருங்கள். பெரியோர்களே, அவர்கள் கேட்கும்போது “அதெல்லாம் இப்ப எதுக்கு?” என்று சொல்லிவிடாதீர்கள். ஆடியவர் பெயரையும் கட்டிய வேடத்தையும் சொல்லுங்கள். எழுதும் வேலை எங்களுடையது.