எதேச்சாதிகாரம்

எதேச்சாதிகாரம் என்பது காரணம் கேட்க இடம் தராமல், கீழ்ப்படிதலை மட்டுமே எதிர்பார்க்கும் அதிகாரப் போக்கு. உளவியல் இதை ஆளுமைப் பண்பாகவும், குழந்தை வளர்ப்பு முறையாகவும், தலைமைப் பாணியாகவும் ஆராய்கிறது. அரசியல் அறிவியல் இதை ஓர் ஆட்சி வகையாகக் காண்கிறது. அதிகாரம் எல்லாமே எதேச்சாதிகாரம் ஆகிவிடாது. நீதிபதி அதிகாரம் உள்ளவர்தான்; ஆனால் தீர்ப்புக்குக் காரணம் எழுத வேண்டியவர், அவர் தீர்ப்பின் மீது மேல்முறையீடும் செய்யலாம். பதில் சொல்லும் கடமையை அதிகாரம் உதறும்போதுதான் அது எதேச்சாதிகாரமாகிறது.

ஆளுமை

ஜெர்மனியில் நாஜிகளுக்கு அத்தனை பேர் எப்படிப் பணிந்தார்கள் என்ற கேள்வியே இத்துறை ஆய்வுகளுக்கு வித்திட்டது. சுதந்திரத்தோடு வரும் தனிமையைத் தாங்க இயலாதவர்கள் வலிய தலைமையிடம் அடைக்கலம் தேடுகிறார்கள் என்று உளவியலாளர் எரிக் ஃப்ரோம் 1941இல் எழுதினார். 1950இல் தியோடர் அடோர்னோ, எல்சே ஃப்ரெங்கல்-பிரன்ஸ்விக், டேனியல் லெவின்சன், நெவிட் சான்ஃபோர்ட் ஆகியோர் எதேச்சாதிகார ஆளுமை பற்றிய விரிவான நூலை வெளியிட்டனர். பாசிசத்தின் பக்கம் சாயும் மனப்பாங்கை அளக்க அவர்கள் உருவாக்கிய வினாத்தொகுப்பு எஃப் அளவுகோல் எனப்பட்டது. மேலிருப்பவரிடம் பணிவு, கீழிருப்பவரிடம் கடுமை, மரபை மீறுவோர் மீது வெறுப்பு ஆகியவை ஒரே மனிதரிடம் சேர்ந்தே காணப்படுகின்றன என்பது அவர்கள் கண்டது.

அளவுகோலின் குறைகள் விரைவில் வெளிப்பட்டன. எதற்கும் ஆமாம் போடும் இயல்புள்ளவர் அதில் உயர்ந்த மதிப்பெண் பெற்றுவிடுவார். இடதுசாரிகளிடம் உள்ள எதேச்சாதிகாரத்தை அது காணத் தவறியதாகச் சமூகவியலாளர் எட்வர்ட் ஷில்ஸ் சுட்டிக்காட்டினார். கனடாவின் பாப் ஆல்டமயர் 1981இல் இக்கருத்தைப் பணிவு, தாக்கும் போக்கு, மரபுப் பிடிப்பு என்ற மூன்று கூறுகளாகச் சுருக்கிச் செம்மைப்படுத்தினார்.

ஆளுமை மட்டுமே காரணம் அல்ல என்பதை யேல் பல்கலைக்கழகத்தில் ஸ்டான்லி மில்கிராம் 1961இல் தொடங்கிய சோதனைகள் காட்டின. ஆய்வாளரின் சொல்லை ஏற்று, மற்றொருவருக்கு மின் அதிர்ச்சி தருவதாக நம்பிக்கொண்டு, சாதாரண மனிதர்கள் 40 பேரில் 26 பேர் 450 வோல்ட் வரை சென்றனர். உண்மையில் அதிர்ச்சி எதுவும் தரப்படவில்லை. அதே சோதனையின் இன்னொரு வடிவத்தில், உடனிருந்த இருவர் கண்ணெதிரே மறுத்து எழுந்தபோது, இறுதிவரை சென்றவர்கள் 40 பேரில் 4 பேர் மட்டுமே. மறுப்பவர் ஒருவரைக் கண்ணால் காண்பது மற்றவர்களின் மனச்சாட்சிக்குத் துணையாகிறது.

குழந்தை வளர்ப்பு

அமெரிக்க உளவியலாளர் டயானா பாம்ரிண்ட் 1960களில் பெற்றோரை மூன்று வகையாகப் பிரித்தார். எதேச்சாதிகாரப் பெற்றோர் “சொன்னால் சொன்னதுதான்” என்பவர்கள். குழந்தை எதிர்க்கேள்வி கேட்பதையே குற்றமாகக் கருதுபவர்கள். இரண்டாம் வகையான வழிநடத்தும் பெற்றோரும் கண்டிப்பானவர்களே. ஆனால் விதிக்கான காரணத்தைச் சொல்வார்கள், குழந்தையின் வாதத்துக்கும் காது கொடுப்பார்கள். மூன்றாம் வகையினர் எதையும் கண்டிக்காமல் விட்டுவிடுபவர்கள். பெற்றோர் அக்கறையே காட்டாத நான்காவது வகையை எலினார் மக்கோபியும் ஜான் மார்ட்டினும் 1983இல் சேர்த்தனர்.

பாம்ரிண்டின் ஆய்வில், வழிநடத்தும் பெற்றோரின் குழந்தைகளே தன்னம்பிக்கையிலும் சுயகட்டுப்பாட்டிலும் சிறந்து நின்றனர். ஆனால் கண்டிப்பின் பொருள் எல்லாச் சமூகத்திலும் ஒன்றல்ல. சீனக் குடும்பங்களை ஆராய்ந்த ரூத் சாவ், அங்கே கண்டிப்பு என்பது அக்கறையும் பயிற்சியும் கலந்தது, அதை எதேச்சாதிகாரம் என்ற பெட்டியில் அடைக்க முடியாது என்று 1994இல் வாதிட்டார். கண்டிப்பையும் வாயடைப்பையும் பிரித்துப் பார்ப்பது இத்தகைய வீடுகளைப் புரிந்துகொள்ள இன்றியமையாதது.

தலைமை

ஜெர்மனியிலிருந்து 1933இல் வெளியேறிய உளவியலாளர் கர்ட் லெவின் அயோவாவில் ரொனால்ட் லிப்பிட், ரால்ஃப் வைட் ஆகியோருடன் பத்து வயதுச் சிறுவர்களைக் கொண்டு நடத்திய ஆய்வு 1939இல் வெளியானது. எதேச்சாதிகாரத் தலைவர் ஒவ்வொரு வேலையாகக் கட்டளையிட்டார். அடுத்தது என்ன என்று முன்கூட்டிச் சொல்லவில்லை. ஜனநாயகத் தலைவர் சிறுவர்களோடு கலந்து பேசி முடிவெடுத்தார். கட்டளைக்குக் கீழ் வேலை நடந்தது. ஆனால் தலைவர் அறையை விட்டு வெளியேறியதும் அது தளர்ந்தது. சில குழுக்களில் எரிச்சல் பெருகி, சக சிறுவன் ஒருவன் பலிகடா ஆக்கப்பட்டான். வேறு சில குழுக்கள் சோர்ந்து அடங்கின. ஜனநாயகக் குழுவில் தலைவர் இல்லாதபோதும் பணி தொடர்ந்தது.

அரசு

ஸ்பெயினில் 1939 முதல் 1975 வரை நீடித்த சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சியைக் கொண்டு, எதேச்சாதிகார அரசைத் தனி வகையாக வரையறுத்தவர் அரசியல் அறிவியலாளர் ஹுவான் லின்ஸ். 1964இல் வெளியான அவரது கட்டுரையின்படி, முழுமை அதிகார அரசு ஒரே சித்தாந்தத்தால் வாழ்வு முழுவதையும் பிடிக்க முயலும். எதேச்சாதிகார அரசோ ராணுவம், திருச்சபை, வணிகர் போன்ற சில குழுக்களுக்கு வரையறுத்த இடம் தந்து, மக்களை அரசியலிலிருந்து ஒதுக்கியே வைக்கும். பல நாடுகளில் இன்று தேர்தலும் நடக்கிறது, எதிர்க்கட்சியும் இருக்கிறது; ஆனால் ஊடகம், நீதிமன்றம், நிதி ஆகியவை ஆட்சியாளர் பக்கம் சாய்க்கப்பட்டுள்ளன. இதைப் போட்டி எதேச்சாதிகாரம் என்று ஸ்டீவன் லெவிட்ஸ்கியும் லூக்கன் வேயும் 2002இல் அழைத்தனர்.

ஜனநாயக அரசமைப்பின் வழியாகவே எதேச்சாதிகாரம் நுழைய முடியும் என்பதற்கு இந்தியாவின் நெருக்கடி நிலை சான்று. உள்நாட்டுக் குழப்பம் என்ற காரணத்தைக் காட்டி, அரசமைப்பின் 352ஆவது பிரிவின் கீழ் 1975 ஜூன் 25 அன்று அது அறிவிக்கப்பட்டது. பத்திரிகைகள் தணிக்கைக்கு உள்ளாயின. மிசா என்ற தடுப்புக்காவல் சட்டத்தின் கீழ் எதிர்க்கட்சியினர் விசாரணையின்றிச் சிறையிடப்பட்டனர். நெருக்கடி நிலையை எதிர்த்த தமிழ்நாட்டின் தி.மு.க. அரசு 1976 ஜனவரி 31 அன்று கலைக்கப்பட்டது. காவலில் வைக்கப்பட்டோர் ஆட்கொணர்வு மனு கொண்டு தம் காவலை எதிர்க்க முடியாது என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளில் நால்வர் அதே ஆண்டு ஏப்ரலில் தீர்ப்பளித்தனர். ஐந்தாமவரான நீதிபதி எச்.ஆர். கன்னா மட்டும் மாறுபட்டார். அதன்பின் தலைமை நீதிபதிப் பதவி அவருக்கு அடுத்த நிலையில் இருந்தவருக்குப் போனது, அவர் பதவி விலகினார்.

1977 மார்ச் தேர்தலில் நெருக்கடி நிலையை அறிவித்த ஆட்சியை மக்கள் தோற்கடித்தனர். 1978இன் 44ஆவது திருத்தம், உள்நாட்டுக் குழப்பம் என்பதை நீக்கி ஆயுதக் கிளர்ச்சி என்பதைச் சேர்த்தது. அமைச்சரவையின் முடிவு எழுத்தில் இருக்க வேண்டும் என்றது. உயிர்வாழும் உரிமையை நெருக்கடி நிலையிலும் நிறுத்திவைக்க முடியாதபடி காத்தது. கன்னா மறுத்த அந்தப் பெரும்பான்மைத் தீர்ப்பை உச்ச நீதிமன்றமே 2017இல் தவறென்று கூறி விலக்கியது.

நான்குக்கும் உள்ள தொடர்பு

கண்டிப்பான வீட்டில் வளர்ந்தவர்தான் சர்வாதிகாரியை ஆதரிப்பார் என்று நேர்க்கோடு போட ஆய்வுகள் இடம் தரவில்லை. அச்சம், போர், பொருளாதார நெருக்கடி, பலவீனமான நிறுவனங்கள் ஆகியவற்றுக்கும் பங்கு உண்டு. ஆனால் நான்கு தளங்களிலும் எதேச்சாதிகாரம் எதிர்க்குரல் எழாத இடத்தில்தான் தழைக்கிறது. ஆகவே நல்ல மனிதர்களை நம்பியிருப்பது மட்டும் போதாது. மறுத்துப் பேசுபவர் தண்டிக்கப்படாத வீடும் வகுப்பறையும் அலுவலகமும் வேண்டும். அவருக்குக் காவலாக நிற்கும் நீதிமன்றமும் பத்திரிகையும் வாக்குச்சீட்டும் வேண்டும்.