வழிவிடும் கை: சாலையில் முந்துதலின் வரலாறு பற்றிச் சில குறிப்புகள்

தமிழில் 'முந்து' என்னும் சொல்லுக்குப் பெருமை அதிகம். பழைய நூலை 'முந்து நூல்' என்கிறோம். நமக்கு முன் வாழ்ந்தோரை 'முந்தையோர்' என்கிறோம். காலத்தால் முன்னின்றவர்களைச் சுட்டிய அதே சொல், இன்று சாலை வளைவுகளில் 'முந்தாதீர்' என்று எச்சரிக்கையாக எழுதப்பட்டிருக்கிறது. சொல்லின் இந்தப் பயணமே சிறிது எண்ணிப் பார்க்கத்தக்கது.

வண்டிகளின் வரிசைக்குச் சங்கப் புலவர்கள் வழங்கிய பெயர் 'ஒழுகை'. சிறுபாணாற்றுப்படையில் உப்பு வணிகராகிய உமணர் ஒழுகையோடு வருகின்றனர். வழியில் அச்சு முறிந்தால் மாற்றிக்கொள்ள வண்டியின் அடியில் சேம அச்சு ஒன்றைக் கட்டி வைத்திருந்தனர் என்ற செய்தியை ஔவையாரின் புறநானூற்றுப் பாடல் (102) தருகிறது. 'ஒழுகு' என்னும் வினையிலிருந்தே 'ஒழுகை'யும் வந்தது, 'ஒழுக்கம்' என்பதும் வந்தது. வரிசையாகச் செல்வதையும் நெறிப்படி வாழ்வதையும் ஒரே வேர்ச்சொல்லால் குறித்த மொழி நம்முடையது.

காளைகளின் நடையில் பெரிய வேறுபாடு இல்லை. ஆதலால் ஒழுகையில் ஒரு வண்டி மற்றொன்றை முந்த வேண்டிய தேவையும் மிகுதியாக இருந்திராது. வேகம் வேறுபட்ட ஊர்திகள் ஒரே சாலையைப் பங்கிட்டுக்கொள்ளத் தொடங்கும்போதுதான் முந்துதல் ஒரு சிக்கலாகிறது. அதற்கு மனிதர் வகுத்த விதிகளின் வரலாற்றைச் சுருக்கமாகக் காண்போம். அந்த விதிகளில் ஒரு பாதியை நாம் ஏறக்குறைய மறந்துவிட்டோம் என்பதே இக்கட்டுரை சொல்ல வரும் செய்தி.

*

முந்துவதற்கு விதி வேண்டுமானால் முதலில் பக்கம் ஒன்று உறுதியாக வேண்டும். லண்டன் பாலத்தில் வண்டிகள் சிக்கிக்கொண்டு நெரிசல் மிகுந்தபோது, 1722இல் அந்நகரத் தலைவர் ஓர் ஆணை பிறப்பித்தார். நகருக்குள் வருவோர் மேற்குப் பக்கமாகவும், வெளியே செல்வோர் கிழக்குப் பக்கமாகவும் போக வேண்டும் என்றது அது. விளைவாக எல்லோரும் தத்தம் இடப்பக்கமாகச் சென்றனர். 1835ஆம் ஆண்டின் ஆங்கிலேய நெடுஞ்சாலைச் சட்டம், எதிரே வண்டி வரும்போது இடப்பக்கம் ஒதுங்க வேண்டும் என்பதைப் பொதுக் கடமையாக்கியது.

அந்தச் சட்டத்தின் 78ஆம் பிரிவில் நம் கவனத்துக்குரிய வேறொரு குற்றமும் உண்டு. ஒருவர் தம்மைக் கடந்து செல்ல முயல்பவரை வேண்டுமென்றே தடுத்தால் அவர் தண்டத்துக்குரியவர். மோட்டார் ஊர்தி பிறப்பதற்கு அரை நூற்றாண்டு முன்பே, குதிரை வண்டிகளின் காலத்திலேயே, முந்துதலைச் சட்டம் இருவருக்கு இடையிலான செயலாகக் கண்டிருக்கிறது. பின்னால் வருபவருக்கு மட்டுமல்லாமல் முன்னால் செல்பவருக்கும் அதில் ஒரு கடமை உண்டு.

மோட்டார் வந்தபின் இந்த இருவரோடு மூன்றாமவர் ஒருவர் சேர்ந்தார். அவர் எதிரே வருபவர். அவர் யாரென்று தெரியாது, சில வேளைகளில் அவர் வருகிறார் என்பதே தெரியாது. அவருடைய உரிமையைக் காக்கச் சாலையின் நடுவே ஒரு கோடு தேவைப்பட்டது. அமெரிக்காவில் மிச்சிகன் மாநிலத்து வேயன் மாவட்டச் சாலை ஆணையத்தைச் சேர்ந்த எட்வர்டு ஹைன்ஸ் 1911இல் இத்தகைய நடுக்கோட்டைப் போடச் செய்தார். பால் வண்டியொன்று ஒழுகிச் சென்ற வழியெல்லாம் வெள்ளைத் தாரை படிந்திருந்ததைக் கண்டு அவருக்கு இந்த எண்ணம் தோன்றியதாக ஒரு கதை வழங்குகிறது. (இங்கும் 'ஒழுகு' என்ற சொல்லே வந்து நிற்பதைத் தமிழ் வாசகர் கவனிக்கலாம்.) கலிபோர்னியாவில் ஜூன் மெக்கரால் என்ற மருத்துவரின் காரை எதிரே வந்த லாரி ஒன்று சாலையை விட்டே இறங்கச் செய்தது. 1917இல் அவர் தம் ஊருக்கு அருகே தாமே கோடு வரைந்து காட்டினார் என்பர். அம்மாநிலம் 1924இல் நடுக்கோட்டை ஏற்றுக்கொண்டது.

கோடு மட்டும் போதாது என்பதற்குப் பிரிட்டன் ஓர் எடுத்துக்காட்டைத் தந்தது. 1930களில் அங்கே மூன்று தடச் சாலைகள் பெருகின. இரு ஓரத் தடங்களும் இரு திசைகளுக்கு உரியவை. நடுத்தடம் முந்துவதற்கென்று இரு திசையினருக்கும் பொது. காகிதத்தில் அழகான சிக்கனம்தான். எதிரெதிரே வரும் இருவரும் ஒரே கணத்தில் 'நடுத்தடம் எனக்கு' என்று கருதினால் என்னாகும் என்பதைக் காகிதம் சொல்லவில்லை. 'தற்கொலைத் தடம்' என்று மக்கள் அதற்குப் பெயரிட்டனர். எந்தப் பகுதியில் எந்தத் திசையினர் கோட்டைக் கடக்கலாகாது என்று தெளிவாகச் சொல்லும் இரட்டை வெள்ளைக் கோடுகள் 1950களின் இறுதியில் அந்நாட்டுச் சாலைகளுக்கு வந்தன.

*

இந்தியாவுக்கு 1914இலேயே மோட்டார் ஊர்திச் சட்டம் ஒன்று இருந்தது. ஆயினும் முந்துதலின் இலக்கணத்தை நாடு முழுமைக்கும் விரிவாக வகுத்துத் தந்தது 1939ஆம் ஆண்டுச் சட்டத்தின் அட்டவணை எனலாம். பிறர்க்கு இடையூறோ ஆபத்தோ நேருமானால் முந்தக்கூடாது. வளைவு, மூலை, மேடு, வேறு தடை எதனாலாவது முன்னுள்ள சாலை தெளிவாகத் தெரியாத இடத்தில் முந்தக்கூடாது. முந்தப்படும்போது முன்னால் செல்பவர் வேகத்தைக் கூட்டக்கூடாது. கடப்பவரைத் தடுக்கும் எதையும் செய்யக்கூடாது. இக்கட்டளைகளின் சாரம் 1989ஆம் ஆண்டின் சாலை விதிகளிலும் தொடர்ந்தது.

1989 விதிகளில் இன்னொரு கட்டளையும் இருந்தது. முன்னால் செல்லும் ஓட்டுநர், 'என்னை முந்தலாம்' என்று சைகை காட்டாதவரை முந்தக்கூடாது. அந்தச் சைகை எப்படி இருக்க வேண்டும் என்பதும் வரையறுக்கப்பட்டிருந்தது. வலக்கையை வெளியே கிடையாக நீட்டி, முன்னும் பின்னுமாக அரைவட்டமாக வீச வேண்டும். நம் தலைமுறையினர் இந்த வாசகத்தைப் படிக்காவிட்டாலும் அந்தக் கையைப் பார்த்திருக்கிறோம். சரக்கேற்றிய லாரியின் சன்னலிலிருந்து நீண்டு, 'வா வா' என்று அழைக்கும் கை. எதிரே வண்டி வந்தால் அதே கை தாழ்ந்து 'பொறு' என்னும். 'சைடு கொடுத்தல்' என்று நம் மக்கள் இதற்குப் பெயர் வைத்தார்கள். ஆங்கிலச் சொல்லோடு ஒட்டியிருந்தாலும் அந்த வினை 'கொடுத்தல்' என்பதை எண்ணிப் பாருங்கள். வழி என்பது ஒருவர் கொடுக்க மற்றவர் பெறுவது.

லாரியின் பின்புறத்தில் 'சவுண்ட் ஹாரன்' என்று எழுதியிருந்ததும் இந்த உரையாடலின் ஒரு பகுதியே. பின்னால் வருவதைக் காட்டும் கண்ணாடி சரியாக அமையாத காலத்தில், ஒலி எழுப்பி அனுமதி கேட்பதும் கை நீட்டி அனுமதி தருவதும் பொருத்தமாகவே இருந்தன. பின்னர் கண்ணாடி வந்தது, விளக்கு வந்தது. ஒலி மட்டும் போகவில்லை. வட இந்திய லாரிகளில் பரவியிருந்த 'ஹாரன் ஓகே ப்ளீஸ்' என்ற வாசகத்தை, தேவையற்ற ஒலிக்கு அது தூண்டுகிறது என்று கூறி 2015இல் மகாராட்டிர அரசு தடை செய்தது.

கையின் இடத்தைப் பிடித்த விளக்கோ இருபொருள் பேசுகிறது. முன்னால் செல்லும் லாரியின் வலப்பக்க விளக்கு மின்னினால் அது வலப்பக்கம் திரும்பப் போகிறது என்பது சட்டத்தின் பொருள். 'எதிரே வண்டி வருகிறது, முந்தாதே' என்று சொல்ல அதே விளக்கைப் போடுவோர் உண்டு. 'வலப்பக்கமாக வந்து முந்து' என்று சொல்லப் போடுவோரும் உண்டு. சிலேடை செய்யுளில் இனிக்கும், சாலையில் கொல்லும்.

*

இனிச் சிறிது கணக்கும் வேண்டும். மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் லாரியை 80 கிலோமீட்டர் வேகத்தில் ஒரு கார் முந்துகிறது எனக் கொள்வோம். வேக வேறுபாடு 20 கிலோமீட்டர், அதாவது நொடிக்கு ஐந்தரை மீட்டர். பின்னே 20 மீட்டர் இடைவெளி, லாரியின் நீளம் 10, காரின் நீளம் 4, முன்னே சென்று சேர 20 என மொத்தம் 54 மீட்டரைக் கார் கூடுதலாகக் கடந்தாக வேண்டும். அதற்கு ஏறத்தாழ 10 நொடி ஆகும். அந்தப் பத்து நொடியில் கார் 216 மீட்டர் ஓடியிருக்கும். எதிரே 80 கிலோமீட்டர் வேகத்தில் வருபவரும் அதே அளவு நெருங்கியிருப்பார். ஆக, 430 மீட்டருக்கு மேல் வெற்றுச் சாலை கண்ணுக்குத் தெரிந்தாலன்றி அந்த முந்துதல் ஒரு சூதாட்டமே.

இந்தியச் சாலைக் காங்கிரசு என்னும் பொறியியல் அமைப்பு 1976இல் வெளியிட்ட பரிந்துரையும் இதை ஒட்டியே அமைந்தது. 80 கிலோமீட்டர் வேகத்துக்கு, தடையைக் கண்டு நிற்பதற்குத் தேவையான பார்வைத் தொலைவு 120 மீட்டர் என்றும், முந்துவதற்குத் தேவையானது 470 மீட்டர் என்றும் அது குறித்தது. 100 கிலோமீட்டர் வேகத்துக்கு இவை 180, 640 ஆகின்றன. நிற்பதற்கு வேண்டிய தொலைவைப் போல ஏறக்குறைய நான்கு மடங்கு முந்துவதற்கு வேண்டும் என்பதே இதன் பொருள். வண்டி ஓட்டப் போதுமான சாலையெல்லாம் முந்தவும் போதுமான சாலை ஆகிவிடாது.

செய்முறையைப் பொறுத்தவரை, லண்டன் மாநகரக் காவல்துறை 1930களில் ஹெண்டனில் தொடங்கிய ஓட்டுநர் பள்ளியின் மரபு பயன்மிக்கது. அம்மரபில் எழுந்த 'ரோட்கிராஃப்ட்' என்னும் கையேடு 1955இல் நூலாக வந்தது. இன்றும் புதுக்கப்பட்டு வருகிறது. முந்த விரும்புவோர் முன்னால் செல்லும் வண்டியை ஒட்டிச் செல்லலாகாது என்பது அதன் அடிப்படைப் பாடங்களுள் ஒன்று. ஒட்டிச் செல்லச் செல்ல முன்னுள்ள பெருவண்டி சாலையை மறைத்துவிடுகிறது. விலகி நின்றால்தான் பார்வை விரியும். கண்ணாடியைப் பார்த்து, நமக்குப் பின்னால் வருபவர் முந்தத் தொடங்கவில்லை என்று உறுதிசெய்து, விளக்கைப் போட வேண்டும். பிறகு வேகத்தைக் கூட்டாமலே சற்று வெளியே விலகி, முழுச் சாலையையும் ஒருமுறை பார்க்க வேண்டும். தெளிவாக இருந்தால் மட்டுமே வேகத்தைக் கூட்ட வேண்டும். ஐயம் எழுந்தால் பழைய இடத்துக்கே திரும்பிவிட வேண்டும். முன்னே சென்றவர் முந்திவிட்டார் என்பதற்காக அவர் பின்னாலேயே நாமும் செல்வது பேதைமை. அவர் கண்ட சாலை வேறு, நாம் காணும் சாலை வேறு. முந்தப்பட்ட வண்டி உட்கண்ணாடியில் முழுமையாகத் தெரிந்த பின்பே நம் தடத்துக்கு மீள வேண்டும்.

*

இவையெல்லாம் முந்துபவருக்கான பாடங்கள். மற்றொரு பாடத்தை நமக்குக் கற்பித்தது ஒரு மாலைநேரப் பேருந்துப் பயணம்.

ஆண்டுகள் பல ஆயின. கல்லூரி முடிந்து திரும்பும் வழியில், இருவழிச் சாலை ஒன்றில், நாம் ஏறிய பேருந்து வைக்கோல் ஏற்றிய லாரியை முந்த வலப்பக்கம் ஏறியது. பாதி கடந்த நிலையில் எதிரே ஒரு வேன் விளக்கை மின்னிக்கொண்டு வந்தது. முன்னே போய்ச் சேர நேரமில்லை. பின்வாங்கவும் பின்னால் ஒரு கார் ஒட்டி நின்றது. முன்வரிசையில் இருந்தவர்கள் கம்பியை இறுகப் பற்றிக்கொண்டோம். அப்போது அந்த லாரி சட்டென்று வேகம் தணிந்து, சாலையை விட்டு மண்ணில் ஒரு சக்கரத்தை இறக்கியது. திறந்த அந்த இடைவெளிக்குள் பேருந்து நுழைந்தது. வேன் உரசாமல் கடந்து போயிற்று. நடத்துநர் மறுபடியும் சீட்டுக் கிழிக்கத் தொடங்கினார். லாரி ஓட்டுநரின் முகத்தை எங்களில் எவரும் பார்க்கவில்லை.

தவறு எங்கள் பேருந்தினுடையது. வேகத்தைக் கூட்டாதிருந்தாலே அந்த லாரிக்காரர் சட்டத்தின் கடனை நிறைவேற்றியவர் ஆவார். அவர் அதற்கும் மேலே சென்றார். தம் வண்டி கவிழும் வாய்ப்பையும் பொருட்படுத்தாமல் ஐம்பது பேருக்கு இடம் கொடுத்தார். அன்றுமுதல், முந்துதலைப் பற்றிய பேச்சு எழும்போதெல்லாம் முந்தியவரைக் காட்டிலும் வழிவிட்டவரே நம் நினைவுக்கு வருகிறார்.

1835இல் எழுதப்பட்டு, 1939இலும் 1989இலும் இடம்பெற்று, 1968ஆம் ஆண்டின் வியன்னா உடன்பாட்டிலும் காணப்படும் விதி இது: முந்தப்படுபவர் ஓரம் ஒதுங்க வேண்டும், வேகம் கூட்டலாகாது. நம் சாலைகளில் அதிகம் மீறப்படுவனவற்றுள் இதுவும் ஒன்று என்பதை எவரும் தம் அனுபவத்தில் அறிவர். ஒருவர் நம்மைக் கடக்கும்போது நம் கால் தானாக அழுத்துகிறது. அவர் கடந்துவிட்டால் நம்மிடமிருந்து எதையோ பறித்துக்கொண்டதாக உள்ளம் கருதுகிறது. அந்த இரண்டு நொடி வீம்பு அவருடைய பத்து நொடியைப் பதினைந்தாக்கும். அதன் விலையை எதிரே வரும் மூன்றாமவர் கொடுப்பார். 2022ஆம் ஆண்டில் மட்டும் இந்தியச் சாலைகளில் 1,68,491 பேர் இறந்தனர் என்று நடுவண் அரசின் அறிக்கை கூறுகிறது. 2019இல் திருத்தப்பட்ட சட்டம் விதிக்கு மாறாக முந்துவதை ஆபத்தான ஓட்டத்தின் வகைகளுள் ஒன்றாகப் பெயர் சொல்லிச் சேர்த்தது. முதன்முறைக்கு ஆறு மாதம் முதல் ஓராண்டு வரை சிறையோ, ஆயிரம் முதல் ஐயாயிரம் ரூபாய் வரை தண்டமோ, இரண்டுமோ விதிக்கலாம். முந்துபவரைச் சட்டம் நன்றாகவே நினைவில் வைத்திருக்கிறது. வழிவிட மறுப்பவரை நினைவூட்ட வேண்டியது நாம்தான்.

நாற்கரச் சாலைகள் வந்து, நடுத்திட்டு எழுந்து, எதிரே வரும் மூன்றாமவரை நம் பார்வையிலிருந்து அகற்றிவிட்டன. நல்லதே. ஆயினும் நடுத்திட்டை ஒட்டிய வலத்தடத்திலேயே ஊர்ந்து, எவருக்கும் வழிவிடாத வண்டிகள் அங்கும் உண்டு. அவற்றைப் பின்தொடர்ந்து பொறுமையிழந்தவர்கள் இடப்பக்கமாக முந்துகின்றனர். சாலை அகன்றது, பழைய சிக்கல் மட்டும் இடம் மாறிக்கொண்டது.

1989 விதிகளின் இடத்தில் 2017இல் புதிய ஓட்டுநர் ஒழுங்குமுறைகள் வந்தன. 2025 அக்டோபர் 1 முதல் உற்பத்தியாகும் பெரிய சரக்கு வாகனங்களில் ஓட்டுநர் அறை குளிரூட்டப்பட்டதாக இருக்க வேண்டும் என்று 2023இல் அரசு அறிவித்தது. வெயிலில் வெந்த அந்த உழைப்பாளிகளுக்கு இது என்றோ கிடைத்திருக்க வேண்டிய நீதி. சன்னல்கள் இனி மூடியிருக்கும். அந்தக் கை வெளியே நீளாது. கை போகலாம். அது கொடுத்துவந்த வழியை நம் கால்களாவது தொடர்ந்து கொடுக்கட்டும். ஒழுகையும் ஒழுக்கமும் ஒரே வேரில் பிறந்தவை என்பதைச் சாலையில் காட்ட இதைவிட எளிய வழி இல்லை.