சல்லியின் குமரும் உசிலம்பட்டியின் மகளும்

மதுரைக்கு மேற்கே மானாவாரி மண் உசிலம்பட்டி. திருகோணமலை நகருக்கு வடக்கே, முத்துமாரியம்மன் கோயிலும் மீன்பிடியுமாக இருக்கும் கடற்கரைக் கிராமம் சல்லி. இரண்டு இடத்திலும் ஏழைகளுக்குக் குறைவில்லை. ஆனால் பெண்சிசுக் கொலை பற்றி 1986இல் ‘இந்தியா டுடே’ எழுதியதிலிருந்து உசிலம்பட்டியின் பெயர் சிசுவுக்குப் புகட்டும் எருக்கம்பாலோடு ஒட்டிக்கொண்டது. இலங்கையின் கிழக்குக் கரைக்கு அப்படியொரு பெயர் வரவில்லை.

வறுமைதான் பெண்சிசுவைக் கொல்கிறது என்ற பேச்சு இங்கே நிற்காது. உசிலம்பட்டிப் பக்கம் முன்பு மாப்பிள்ளை வீட்டார்தான் பரிசம் போட்டார்கள். ஒரு பகுதியில் வைகைத் தண்ணீர் பாய்ந்து, பணப்பயிர் வந்து, காசு புழங்கிய பிறகே வரதட்சணை ஏறியது என்கிறார்கள் ஆய்வாளர்கள். மூத்தவளை வளர்த்தார்கள், ஆபத்தெல்லாம் அடுத்துப் பிறந்தவளுக்கு. கேடு உசிலம்பட்டியோடு நிற்கவுமில்லை. 1992இல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் வந்தது. 2001 கணக்கெடுப்பிலோ அம்மாவட்டத்தில் ஆறு வயதுவரை 1000 ஆண் குழந்தைகளுக்கு 851 பெண் குழந்தைகளே. பிள்ளையை வாங்கிக்கொள்ள அரசு தொட்டில் கட்டியது; நகை கேட்பவனை என்ன செய்தது?

கிழக்குக் கரையிலும் சீதனம் உண்டு. ஆனால் கொடுத்தது வெளியே போவதில்லை. வீடும் வளவும் மகளுக்கு. மருமகன்தான் அங்கே வந்து குடியிருப்பான். தாய் தகப்பன் அதே வளவுக்குள் ஒரு கொட்டிலுக்கு ஒதுங்குவார்கள், வயதுபோன காலத்தில் கஞ்சி மகள் கையால். மகன் இன்னொருத்தியின் வளவுக்குப் போகிறவன். அவனை நம்பி மகளை அழிக்க எந்தக் கணக்கும் இடம் தராது.

அதற்காகப் பெண்பிள்ளைக்கு அங்கே குறையில்லை என்றுவிடவும் முடியாது. “வீட்டில குமர் இருக்கு”, கட்டிக்கொடுக்காத பெண் இருக்கிறாள் என்ற கவலை தகப்பனைக் கடனாளியாக்கும், தாயை வளைகுடா நாட்டுக்கு வீட்டுவேலைக்கு அனுப்பும், தமையனின் கல்யாணத்தைத் தள்ளிப்போடும். தாய் போனபின் தம்பி தங்கச்சியைப் பார்க்கப் பள்ளிக்கூடத்தை விடுகிறவளும் பெரும்பாலும் அந்தக் குமர்தான்.

2004 டிசம்பர் 26இல் கடல் ஏறியபோது இந்தக் கரையில் சீதன வீடுகள் பல அழிந்தன. மாற்று வீடு கொடுக்க வந்தவர்கள் ‘குடும்பத் தலைவர்’ யாரென்று கேட்டு, கிழக்கில் பல இடங்களில் ஆணின் பெயரிலேயே உறுதிப்பத்திரம் எழுதினார்கள். அரச காணியில் இது புதிதுமல்ல. காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டம் 1935 முதல் வாரிசு வரிசையில் மகளுக்கு முன்னே மகனை நிறுத்தியிருந்தது. அதைத் திருத்த 2022 ஆயிற்று.