திரைப்பட ஆடை வடிவமைப்பு
பாத்திரத்தின் காலம், தொழில், வாழ்நிலை ஆகியவற்றை உரையாடலுக்கு முன்பே உணர்த்தும் கதைசொல்லும் கலை. பாலாவின் ‘பரதேசி’ (2013) படத்துக்காகப் பூர்ணிமா ராமசாமி இத்துறையில் தேசிய விருது பெற்றார். தேயிலைத் தோட்டக் கூலிகளின் கதை அது. மன்னர் கதைக்குத்தான் வடிவமைப்பாளர் வேண்டும், கந்தலுக்கு எதற்கு என்று கேட்பவர்கள் உண்டு. உண்மையில் கந்தலே கடினம். புதுத்துணியைக் கேமரா உடனே காட்டிக்கொடுத்துவிடும்; வெயிலும் வியர்வையும் தின்ற நைவைத் துணியில் உருவாக்க வேண்டும், காட்சிகள் வரிசை மாறிப் படமாகும்போது ஒவ்வொரு கிழிசலுக்கும் கணக்கு வைத்திருக்க வேண்டும். பிரியதர்ஷனின் ‘காஞ்சிவரம்’ (2008) இன்னும் ஆழமாகச் செல்கிறது: மகளின் திருமணத்துக்காக நெசவாளி திருட்டுப் பட்டிழையில் நெய்யும் சேலை முடியாமலே போகிறது; அங்கே ஆடைதான் கதை.