கோட்டை போயிற்று, குப்பம் நிற்கிறது

சென்ற வாரம் சதுரங்கப்பட்டினத்து டச்சுக் கோட்டையோடு நிறுத்தியிருந்தோம். இந்த வாரம் அதே டச்சுக்காரர்களைத் தேடி வடக்கே போகிறோம். பொன்னேரி தாண்டி, சாலை ஏரியைத் தொடும் இடம்தான் பழவேற்காடு.

ஊருக்குள் போனதும் டச்சுக் கல்லறைத் தோட்டம். வாசலின் இருபுறமும் கல்லில் செதுக்கிய எலும்புக்கூடுகள் நிற்கின்றன. உள்ளே கிடக்கும் பலகைக் கற்களில் குடும்பச் சின்னங்களும், ஓரம் சுற்றிப் பூவேலையும், நடுவே வரிசை பிசகாத டச்சு எழுத்துகளும். குனிந்து ஓர் எழுத்தின் மேல் விரலை ஓட்டிப் பார்த்தேன். உளி போன தடம் இன்னும் விரலில் தட்டுகிறது. பிறந்த ஊர், வகித்த பதவி, இறந்த நாள், வாழ்ந்த வயது என்று எதையும் விடாமல் வெட்டி வைத்திருக்கிறார்கள். நம்மை யாரும் மறந்துவிடக் கூடாது என்ற தவிப்பு அந்தக் கற்களில் இருக்கிறது. கடல் கடந்து வந்து, சொந்த மண்ணுக்குத் திரும்பாமலே போனவர்களின் தவிப்பு.

விஜயநகர மன்னர் வேங்கடபதியின் அனுமதியோடு 1610-இல் டச்சுக்காரர்கள் இங்கே கடை விரித்தார்கள். 1612-இல் சாந்தோம் போர்ச்சுக்கீசியர் வந்து அதை அடித்து நொறுக்கினார்கள். மறு ஆண்டே, 1613-இல், கோட்டை எழுந்தது. அதைக் கட்டிய வெம்மர் வான் பெர்கெம் தன் சொந்த மாகாணத்தின் பெயரைச் சூட்டி ‘கெல்ட்ரியா’ என்றார். 1690-இல் தலைமையிடம் நாகப்பட்டினத்துக்கு மாறும் வரை, சோழமண்டலக் கரையின் டச்சு வணிகத்தை இங்கிருந்துதான் நிர்வகித்தார்கள். நாணயச் சாலை இருந்தது, வெடிமருந்துச் சாலை இருந்தது. இங்கிருந்து போன கட்டம் போட்ட துணிக்கு மலாய் மக்கள் இன்றும் ‘காயின் பெலிக்காட்’ என்றுதான் பெயர் சொல்கிறார்கள். பழவேற்காட்டை ஒருமுறையும் பார்த்திராதவர்கள் அதன் பெயரை இடுப்பில் உடுத்தித் தொழுகைக்குப் போகிறார்கள்!

துணி மட்டும் போகவில்லை. பஞ்சம் வந்த ஆண்டுகளில் மனிதர்களையும் இந்தக் கரையிலிருந்து கப்பலேற்றி, அடிமைகளாகப் பத்தாவியாவுக்கு (இன்றைய ஜகார்த்தா) அனுப்பினார்கள். கல்லறைத் தோட்டத்தில் எத்தனை முறை சுற்றி வந்தாலும் அவர்களில் ஒருவர் பெயரும் கிடைக்காது. இந்த ஊரின் வரலாற்றை எழுதும்போது கெல்ட்ரியாவின் பெருமையோடு நிறுத்திக்கொள்வது நியாயம் ஆகாது என்று நினைக்கிறேன்.

1806-இல் ஆங்கிலேயர் கோட்டையை இடித்தார்கள். 1825-இல் ஊரே அவர்கள் கைக்குப் போனது. கோட்டை இருந்த இடத்தில் இன்று முள்மரங்கள் மண்டிய மேடுதான் மிச்சம். கோட்டை இருந்ததற்கு அன்றாடம் சாட்சி சொல்வது அந்த மேடு அல்ல. பக்கத்து மீனவர் குப்பத்தின் பெயர்தான் சொல்கிறது: கோட்டைக்குப்பம். கல்லும் சுண்ணாம்பும் இருநூறு ஆண்டு தாங்கவில்லை. வலைக்காரர் வாயில் வந்த சொல் தாங்கி நிற்கிறது.

அந்தக் கோட்டைக்குப்பத்துக்காரர்களிடம் வேறொரு நினைவும் இருக்கிறது. அதற்குப் பெயர் ‘பாடு’. முகத்துவாரத்தை ஒட்டிய நீர்ப்பரப்பில் எந்த இடத்தில், எந்த நாளில், யார் வலை கட்டலாம் என்ற முறை அது. கடல் நீர் ஏறி இறங்கும்போது இறால் அந்த வழியாகத்தான் வரும், போகும். இடம் நன்றாக அமைந்தால் ஒரு ராத்திரியில் வீட்டுக் கவலை தீரும், அமையாவிட்டால் வெறுங்கைதான். ஆகவே எந்த இடமும் யாருக்கும் நிரந்தரம் இல்லை. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடூர்மாதாகுப்பம் ஆகிய மூன்று ஊர்ப் பட்டினவ மீனவர்களும் வடக்குப் பாடு, ஓடைப் பாடு, முன்துறைப் பாடு என்று பிரித்து, முறை மாற்றி, சீட்டுக் குலுக்கி இறங்குகிறார்கள். தண்ணீரில் வேலியும் இல்லை, எல்லைக் கல்லும் இல்லை. நேற்று இறங்கியவர் யார், நாளை யாருடைய முறை என்பதை ஊர் கூடித்தான் நினைவில் வைத்திருக்க வேண்டும். முறை தவறினால் பஞ்சாயத்து கூடும். ஏரியின் மேல் எழுதிய சாசனம் என்று இதைத்தான் சொல்வேன்.

அந்தச் சாசனத்திலும் எல்லோருக்கும் இடம் இல்லை. பாடு உரிமை பிறப்போடு வருவது. வெளியே நிற்பவர்களில் இருளர் உண்டு. அவர்களுக்குப் படகும் இல்லை, வலையும் இல்லை. பெண்கள் இடுப்பளவு நீரில் குனிந்து போவார்கள். பனையோலைப் பறியின் கயிற்றைப் பல்லில் கடித்துக்கொண்டு, இரு கைகளாலும் சேற்றைத் துழாவுவார்கள். விரலுக்கிடையே இறால் துள்ளியதும் கை மேலே வரும், பறிக்குள் போகும், மறுபடி சேற்றுக்குள் இறங்கும். கயிறு வாயில் இருப்பதால் பேச்சே கிடையாது. எந்தத் தரையில் சேறு இளகும், எந்த மாதத்தில் எந்தப் பக்கம் இறால் ஒதுங்கும் என்பதெல்லாம் அந்த விரல்களுக்குத்தான் தெரியும்.

நான் கரையில் நின்ற அன்று ஒரு பாட்டியும் பேத்தி வயதுப் பெண்ணும் நீரில் இருந்தார்கள். முன்னால் போன பாட்டி ஓரிடத்தில் நின்று, கையை எடுக்காமல் தலையை மட்டும் இடப்பக்கம் அசைத்தாள். சின்னவள் இடப்பக்கம் நகர்ந்து குனிந்தாள்.